மஞ்சள் கோடு

"எத்திராஜ் அட்டெண்டர் யாரு?"
வராந்தாவில் வேறு யாரும் எழவில்லை.
நான் கை தூக்கினேன்.
நர்ஸ் என் உள்ளங்கையில் ஒரு குப்பியை வைத்து
விரல்களையும் அவளே மடக்கிவிட்டாள்.
"ரத்தம். சூடு ஆறதுக்குள்ள லேப்ல குடுக்கணும்.
தரையில மஞ்சக் கோடு போகும், அதையே புடிச்சுட்டுப் போ.
யாரையும் வழி கேக்காத. ஆளுக்கு ஒண்ணு சொல்லுவாங்க."

பதினோரு வருஷமாக நான் தொடாத மனுஷன்
என் கைக்குள் வெதுவெதுப்பாக இருந்தான்.

கோடு நேராகத்தான் கிளம்பியது.
எதுதான் கோணலாகக் கிளம்புகிறது.
எக்ஸ்ரே அறை தாண்டி இடப்பக்கம் ஒடிந்து
ஸ்ட்ரெச்சர் இறங்கும் சரிவில் தானும் இறங்கி
டீ கொட்டிக் காய்ந்த இடத்தில் காணாமல் போய்
நான் நின்று தேடும்போது
யாரோ ஒருவரின் செருப்புக்கு அடியிலிருந்து வெளிவந்தது.
பச்சைக் கோடு ஒன்று கொஞ்ச தூரம் கூடவே வந்தது,
பிறகு எலும்பு டாக்டர் பக்கம் திரும்பிக்கொண்டது.

மறுபடியும் எக்ஸ்ரே அறை. இந்த முறை பின்பக்கம்.
ஜன்னலில் சென்ட்ரல் மணிக்கூண்டு, பன்னிரண்டேகால்.
ரயிலைப் பார்க்க ஆசைப்பட்டதுபோல்
கோடு ஜன்னலடிவரை போய்
ஒன்றும் தெரியாமல் திரும்பியது.

மூன்றாம் தடவை
வாசலில் மாவுக்கட்டோடு உட்கார்ந்திருந்த பையன் சிரித்தான்.
"அக்கா, சுத்திக்கினே கீறீங்க."
"இல்லடா. போய்க்கினே கீறேன்."

அவன் கொண்டித்தோப்பில். நான் தங்கசாலையில்.
நடுவில் நாலு தெருவும் ஒரு ரேஷன் கடையும்.
அவன் தெருவைத் தவிர்க்க நான் கற்ற சந்துகள்:
சேட்டுகளின் பாத்திரக் கிடங்குக்குப் பின்னால் ஒன்று,
ஒரு ஆள் அகலம், சுவர் முழுக்க மீட்டர் பெட்டிகள்;
வெங்காய மூட்டை ஏறும் நேரத்தில் மட்டும் அடைபடும் இன்னொன்று;
அதற்கும் மாற்றாக இன்னொன்று.
பட்டன் தைக்கும் யூனிட்டுக்குப் பத்து நிமிஷம்.
அதை இருபத்தைந்தாக்கி நடந்தேன்.
அவனும் அப்படித்தான் நடந்திருக்க வேண்டும்,
இல்லையென்றால் ஒருநாளாவது இடித்துக்கொண்டிருப்போம்.

கோட்டின் மேல் ஒருவர்
பாய் விரித்துத் தூங்கிக்கொண்டிருந்தார்.
தலைமாட்டில் நுழைந்த மஞ்சள்
கால்மாட்டில் வெளியேறியது.
தூங்குகிறவரைத் தாண்டக் கூடாது என்பார்கள்.
சுற்றிப் போனேன்.
குப்பி இன்னும் சூடாகத்தான் இருந்தது.
அவன் சூடு எங்கே தீர்ந்ததோ,
என் சூடு எங்கே தொடங்கியதோ,
எந்தத் திருப்பம் என்று கவனிக்கவில்லை.

லேப் கண்ணாடிக்குள்ளிருந்து ஒரு சீட்டு.
பெயர். வயது. வார்டு.
'உறவு' என்ற கட்டத்தில் பேனா நின்றது.
பின்னால் வரிசை நெருக்கியது,
பேனாவும் கடன் பேனா.
மனைவி என்று எழுதினேன்.

"எந்த வார்டும்மா?"
"ஏழு."
அவள் நிமிராமலே
தன் முதுகுக்குப் பின்னாலிருந்த கதவைக் காட்டினாள்.
"இப்படியே போ. ஏழு இந்தச் செவுத்துக்கு அந்தாண்ட."

தள்ளினேன்.
எட்டடியில் எத்திராஜின் கட்டில்.
போர்வைக்கு வெளியே பாதங்கள், என் பக்கமாக.
பெருவிரல் நகம் இன்னும் அதே கறுப்பு,
மீன்பாடி வண்டி ஏறிய அன்று ஆனது,
மஞ்சள் பற்றுப் போட்டது நான்தான்.
இரும்புக் கதவு பின்னால் தானே சாத்திக்கொண்டது.
திரும்பிப் பார்த்தேன்.
இந்தப் பக்கம் கைப்பிடி இல்லை.

நான் விட்டுப்போன ஸ்டூலிலிருந்து ஒருத்தி எழுந்தாள்.
இருபது வயது இருக்கும், தாலிக் கயிறு புது மஞ்சள்.
மூடிய கையை மார்போடு வைத்திருந்தாள்.
"லேப் எந்தப் பக்கம்கா?"

கதவைப் பார்த்தேன். அவளைப் பார்த்தேன்.

"தரையில கோடு போகும்," என்றேன்.
"நடுவுல ஒருத்தர் தூங்கினு இருப்பாரு.
எழுப்பாத. சுத்திப் போ."